புயல் கூண்டை ஏற்றிய கேப்டன்

ராபர்ட் ஃபிட்ஸ்ராய் என்றாலே டார்வினை ஏற்றிச் சென்ற பீகிள் கப்பலின் கேப்டன் என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள். எனக்கு அது போதாது. 12 வயதில் போர்ட்ஸ்மத் கடற்படைக் கல்லூரியில் சேர்ந்தவர். 23 வயதில் பீகிளுக்குத் தலைவர்; அதற்கு முன்பிருந்த கேப்டன் தென் அமெரிக்காவின் தென்கோடியில் தற்கொலை செய்துகொண்டிருந்தார். 1843 முதல் 1845 வரை நியூசிலாந்து ஆளுநர். அது சரியாக அமையவில்லை, திருப்பி அழைத்துவிட்டார்கள்.

நான் வணங்குவது அதற்குப் பிந்தைய ஃபிட்ஸ்ராயை. 1859 அக்டோபரில் வேல்ஸ் கரையில் ‘ராயல் சார்ட்டர்’ கப்பல் உடைந்து 400க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அப்போது பிரிட்டனின் வானிலைத் துறையை நடத்திக்கொண்டிருந்தவர் அவர்தான். கடற்கரை நிலையங்களிலிருந்து தந்தியில் காற்றழுத்தமானி அளவுகளை வரவழைத்தார். புயல் வருமென்று தோன்றினால் துறைமுகங்களுக்குத் தந்தி பறக்கும். கம்பத்தில் கூம்பும் உருளையும் ஏறும், இரவில் விளக்குகள். கூம்பின் முனை மேல்நோக்கி இருந்தால் வடக்கிலிருந்து காற்று, கீழ்நோக்கி இருந்தால் தெற்கிலிருந்து. தந்தி படிக்கத் தெரியாத மீனவருக்கும் இது புரியும். நாகப்பட்டினத்தில் வளர்ந்த எனக்கு, ‘மூன்றாம் எண் கூண்டு ஏற்றியாச்சு’ என்ற பேச்சின் அருமை தெரியும்.

1861இல் நாளிதழில் அன்றாட வானிலைக் கணிப்பும் தொடங்கினார். தவறியபோதெல்லாம் ஏளனம். சொந்தப் பணமும் கரைந்தது, மனமும் சோர்ந்தது. 1865 ஏப்ரல் 30இல் உயிரை மாய்த்துக்கொண்டார். அடுத்த ஆண்டே எச்சரிக்கைகளை நிறுத்தினார்கள். கடலோர மக்கள் விடாமல் கேட்டதால் அவை திரும்பி வந்தன.