பாதி இறங்கிய கண்ணாடி

டர்பன், 4 மே 2024, சனி

எங்கள் பன்னிரண்டு நிமிடக் குறும்படத்தின் முதல் தொகுப்பை இன்று பார்த்தேன். கடைத்தொகுதியின் வண்டி நிறுத்துமிடத்தில் ஒரு தமிழ்ப் பெண் காரில் ஏறுகிறாள். அதுவரை வண்டியைப் பார்த்துக்கொண்ட, தென்னாப்பிரிக்காவில் 'கார் கார்டு' என்று அழைக்கப்படும் காவலர் அருகில் வந்து நிற்கிறார். அவளுடைய பையில் சில்லறை இல்லை. கண்ணாடியை முழுவதும் இறக்கவும் அவளுக்குத் துணிவில்லை, ஏற்றிவிடவும் மனம் வரவில்லை. அந்தக் காத்திருப்பு 48 நொடிகள் நீள்கிறது. தொகுப்பாளர் அதை 9 நொடிகளாகக் குறைத்துவிட்டார். எனக்கு இரவு முழுவதும் உறக்கமில்லை.

5 மே, ஞாயிறு

படப்பிடிப்புக்கு முன் நாங்கள் சந்தித்த காவலர்களுள் பலர் கொங்கோவிலிருந்து வந்தவர்கள், பிரெஞ்சு பேசுபவர்கள், ஒருவர் ஊரில் பள்ளி ஆசிரியராக இருந்தவர். அவர்களுக்குச் சம்பளம் கிடையாது. பல இடங்களில், அங்கே நிற்பதற்கே நாள்தோறும் ஒரு தொகையை அவர்கள்தாம் கட்ட வேண்டும். ஆகவே காலையில் கிடைக்கும் முதல் சில ஐந்து ராண்டு நாணயங்கள் அவர்களுடையவை அல்ல. இதை வசனமாக எழுதியிருந்தேன். இன்று அதை நீக்கிவிட்டு, படத்தின் காவலர் விடியற்காலையில் அந்தப் பணத்தை எண்ணிக் கொடுக்கும் காட்சியை மட்டும் தொடக்கத்தில் வைத்தேன். அதைப் பார்த்தவருக்கு, பின்னர் அந்தப் பெண் பைக்குள் துழாவும்போது தம் கையும் உடன் துழாவ வேண்டும். அதற்கு 9 நொடிகள் போதா.

12 மே, ஞாயிறு

அம்மாவுக்குப் படத்தைக் காட்டினேன். அவர் டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில் பிறந்தவர். குடியிருப்புகளை இனவாரியாகப் பிரித்த 1950ஆம் ஆண்டின் குழுப் பகுதிச் சட்டத்தால், அறுபதுகளில் இந்தியர்களுக்கென ஒதுக்கப்பட்ட சாட்ஸ்வர்த்துக்குப் பெயர்க்கப்பட்ட குடும்பங்களுள் எங்களுடையதும் ஒன்று. படம் முடிந்ததும் நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னார்: "உன் ஆயா இருந்தவரைக்கும் வாசலுக்கு வந்தவங்களுக்குத் தேத்தண்ணி குடுக்காம அனுப்பினதில்லை. இந்தப் பொண்ணுக்கு நீ ஒரு வாசலே வைக்கலியே, அப்பா."

என் கதைநாயகியைக் கஞ்சத்தனமுள்ளவளாகவே நான் எண்ணியிருந்தேன் என்பது அப்போதுதான் தெரிந்தது. அவள் அஞ்சுகிறாள், நாணுகிறாள். எதைச் செய்தால் தகும் என்று அவளுக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

13 மே, திங்கள்

தொகுப்பாளரிடம் பேசினேன். 48 நொடிகளும் திரும்பி வந்துவிட்டன. பின்னணி இசையையும் எடுத்துவிட்டோம். கண்ணாடி இறங்கிப் பாதியில் நிற்கும் ஒலி தெளிவாக இல்லை. நாளை அதைமட்டும் மீண்டும் பதிவுசெய்ய வேண்டும்.