பூஜா தோமர் ஜெயித்த ராத்திரி

வெள்ளிக் கொலுசின் வளையங்களை ஒட்டப் பற்று வைக்கும்போது யாரும் என்னிடம் பேசக் கூடாது. வளையத்துக்கும் வளையத்துக்கும் நடுவில் பொடி வைத்து நெருப்பைக் காட்டி, பொடி உருகி ஓடும் அந்த ஒரு நொடியில் கையை எடுத்துவிட வேண்டும். ஒரு மூச்சு தாமதித்தாலும் வளையமே இளகிவிடும். வீட்டில் எல்லோருக்கும் இது தெரியும். ஆனாலும் 2024 ஜூன் 9, ஞாயிற்றுக்கிழமை காலையில், நெருப்பு கையில் இருக்கும்போதே என் சின்ன மகள் போனைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள்.

"அம்மா, பூஜா ஜெயிச்சுட்டாங்கம்மா!"

ராத்திரி முழுக்க அவள் தூங்கவில்லை என்பது கண்ணைப் பார்த்தாலே தெரிந்தது. அமெரிக்காவில் லூயிவில் என்ற ஊரில் அப்போது 8-ஆம் தேதி. குத்து, உதை, மல்யுத்தம் எல்லாம் கலந்த சண்டைப் போட்டியான யுஎஃப்சி மேடையில் பூஜா தோமர், பிரேசில்காரி ரயான் டோஸ் சான்டோஸை ஜெயித்திருந்தார். அந்த மேடையில் ஒரு இந்தியப் பெண் ஜெயிப்பது அதுவே முதல் முறை.

பூஜாவின் சொந்த ஊர் உத்தரப் பிரதேசத்தில் முசாஃபர்நகர் மாவட்டம், புடானா. முசாஃபர்நகர் என்றால் எனக்கு வெல்லம்தான் தெரியும். எங்கள் சேலம் செவ்வாய்ப்பேட்டை வெல்ல மண்டிக்கு ஓமலூர்ப் பக்கம் இருந்து லோடு வரும். அதைவிடப் பெரிய வெல்லச் சந்தை வடக்கே அந்த ஊரில் என்று மண்டியில் பேசிக் கேட்டிருக்கிறேன். அப்பாவைச் சின்ன வயதிலேயே இழந்தவர் பூஜா. அம்மாதான் வளர்த்தார். அதை மகள் சொன்னபோதுதான் வேலையை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தேன். நானும் தனியாகத்தான் இரண்டு பெண்களை வளர்க்கிறேன்.

மகள் படிப்பது வூஷு என்ற சீனத் தற்காப்புக் கலை. அதில் சான்டா என்ற சண்டைப் பிரிவு. குத்தலாம், உதைக்கலாம், பிடித்துக் கீழே தள்ளலாம். தள்ளியதும் நடுவர் பிரித்துவிடுவார்; விழுந்தவர் எழுந்து நிற்க வேண்டும். பூஜாவும் வூஷுவில் தேசிய அளவில் ஜெயித்து அதிலிருந்து வந்தவர். அதனால்தான் இவளுக்கு அவர் மேல் இவ்வளவு பிரியம். யுஎஃப்சியில் நடக்கும் இந்தக் கலப்புச் சண்டைக்கு எம்எம்ஏ என்று பெயர். நம் நாட்டில் அதற்கென்று நேரான பாதை கிடையாது. ஒலிம்பிக்கில் அந்த விளையாட்டே இல்லை. ஆகவே மல்யுத்தமோ ஜூடோவோ வூஷுவோ கற்றுக்கொண்டு, அங்கிருந்துதான் தாண்டிப் போகிறார்கள். 2017-இல் ஷாங்காயில் நடந்த யுஎஃப்சி சண்டையில் நம் நாட்டு பரத் கண்டாரே தோற்றார். 2023-இல் இன்னொரு இந்தியர் அன்ஷுல் ஜுப்லி, இந்தோனேசிய வீரர் ஜெகா சராகியை அடித்து யுஎஃப்சி ஒப்பந்தம் வாங்கினார். பூஜா பயிற்சிக்காக பாலிக்குப் போனார். அந்தச் செலவை நினைத்தால் எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

முதலில் நான் இதற்குச் சம்மதிக்கவே இல்லை. மகள் ஒன்பதாவது படிக்கும்போது கண்ணுக்குக் கீழே வீங்கி வீட்டுக்கு வந்தாள். என் மாமியார், "பொம்பளப் புள்ள மூஞ்சியில தழும்பு விழுந்தா நாளைக்கு யாரு வந்து கேப்பா?" என்று அழுதார். நானும் இரண்டு மாதம் அனுப்பாமல் நிறுத்திவைத்தேன். அந்த இரண்டு மாதமும் அவள் சண்டை போடவில்லை, கெஞ்சவில்லை. காலை நாலரைக்கு எழுந்து மொட்டை மாடியில் தனியாக ஸ்கிப்பிங் போட்டாள். கயிறு தரையில் படும் சத்தம் கீழே எனக்குக் கேட்கும். கடைசியில் நானே போய் அவள் மாஸ்டரிடம் பேசினேன்.

இப்போது ஞாயிற்றுக்கிழமைகளில் மாஸ்டர் பிள்ளைகளை ஏற்காடு அடிவாரத்திலிருந்து மேலே ஓட வைக்கிறார். மொத்தம் இருபது கொண்டை ஊசி வளைவு. இவள் ஆறாவது வளைவு வரை ஓடுவாள். எட்டு வரை போன நாளும் உண்டு. குரங்குகள் இருப்பதால் கையில் பழம் எதுவும் கொண்டுபோகக் கூடாது. போட்டிக்கு முன்னால் எடை 48 கிலோவைத் தாண்டக் கூடாது என்பதால் மூன்று வாரம் தட்டுவடை செட்டைத் தொட மாட்டாள். தெருமுனைத் தள்ளுவண்டியில் பீட்ரூட் துருவலை வைத்து, காரச் சட்னியும் புதினாச் சட்னியும் தடவி, மேலே இன்னொரு தட்டுவடையை வைத்து மூடும்போது இவள் தலையைத் திருப்பிக்கொண்டு நடப்பாள். சேலத்துப் பிள்ளைக்கு அது எவ்வளவு பெரிய காரியம் என்று சேலத்துக்காரர்களுக்குத்தான் தெரியும்.

சரி, பூஜாவின் அந்தச் சண்டைக்கு வருகிறேன். மகளோடு உட்கார்ந்து அதை நான் நாலு முறை பார்த்துவிட்டேன். ஐந்து நிமிடம் வீதம் மூன்று சுற்று. முதல் சுற்றில் பூஜாவின் உதைகள் எதிராளியின் விலாவில் விழுகின்றன. இரண்டாவதில் அந்தப் பெண் சமாளித்து நெருங்கி வந்துவிடுகிறார். மூன்றாவதில் பூஜா முன்னால் எட்டி உதைத்ததும் அவர் விழுகிறார். முடிந்த பிறகு மூன்று நடுவர்களின் கணக்கைப் படித்தார்கள். ஒருவர் பூஜாவுக்கு 30-27. இன்னொருவர் அப்படியே தலைகீழாக எதிராளிக்கு 30-27. மூன்றாமவர் பூஜாவுக்கு 29-28. ஒருவர் கண்ணுக்கு மூன்று சுற்றும் பூஜாவுடையது, இன்னொருவர் கண்ணுக்கு ஒன்றுகூட இல்லை!

இதை என்னால் லேசில் ஏற்க முடியவில்லை. என் தொழிலில் தராசு இருக்கிறது. பட்டறையில் எடை போட்டாலும் கடையில் எடை போட்டாலும் வெள்ளி ஒரே எடைதான் காட்டும். ஒரு கிராம் குறைந்தால் கூலியில் பிடிப்பார்கள். பதினைந்து நிமிடம் உடம்பை அடிக்குக் கொடுத்துவிட்டு, மூன்று பேர் என்ன எழுதியிருப்பார்கள் என்று கையைக் கட்டி நிற்பது எப்படிப்பட்ட மனசு! போன வருஷம் ஒரு போட்டியில் என் மகள் இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் தோற்றாள். கடைசிச் சுற்று அவளுடையது என்றுதான் எனக்குப் பட்டது. பஸ்ஸில் திரும்பி வரும்போது அவளுக்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை. அவளேதான், "அந்தச் சுத்துல நான் பின்னாடியே போனேன்மா, அதான்" என்றாள்.

2025 மார்ச்சில் லண்டனில் பூஜா தோற்றார். அயர்லாந்தின் ஷானா பேனன் இரண்டாவது சுற்றில் தரையில் வைத்துக் கையை நீட்டி இழுத்துப் பூட்டிவிட்டார். ஆர்ம்பார் என்று பெயர். அன்றைக்கு மகள் சாப்பிடவில்லை. எனக்கும் வருத்தம்தான், ஆனால் அதை மட்டும் பார்த்துவிட்டு "ஒரு தடவை அதிர்ஷ்டத்துல ஜெயிச்சிருக்கா" என்று சொந்தக்காரப் பையன் ஒருவன் சொன்னபோது கோபம் வந்துவிட்டது. நின்று சண்டை போடுவதையே பழகி வந்த பெண், தரையில் புரளும் வித்தையை அந்த மேடையில் நிற்கிற ஆட்களோடு சமமாகக் கற்றுக்கொள்ள வேண்டும். அதற்கு எத்தனை வருஷம் வேண்டும்? நான் ஒழுங்காகப் பற்று வைக்கவே மூன்று வருஷம் ஆனது.

மகள் இப்போது வாரத்தில் இரண்டு நாள் ஜூடோ பயிற்சிக்கும் போகிறாள். நான் தடுக்கவில்லை. போன வாரம் ராத்திரி, பட்டறைச் சாமான்களை எடுத்து வைத்த பிறகு, "பூஜா எதுல மாட்டுனாங்கன்னு காட்டுறேன், பாய்ல படுங்கம்மா" என்றாள். படுத்தேன். என் வலது கையை இரண்டு கையாலும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, ஒரு காலை என் கழுத்துக்கு மேலும் ஒரு காலை நெஞ்சுக்கு மேலும் போட்டாள். கட்டைவிரல் கூரையைப் பார்த்து நின்றது. அந்த விரலில் இருக்கும் பழைய தீக்காயத்தின் மேல் அவள் உள்ளங்கை பட்டது.

"வலிச்சா உடனே தட்டணும்மா. நான் விட்டுடுவேன். அதுதான் ரூல்."

இடுப்பை மெதுவாக, ரொம்ப மெதுவாக உயர்த்தினாள். முழங்கைக்குள் ஒரு நரம்பு சுண்டி இழுத்தது. நான் உடனே தட்டவில்லை. லண்டனில் பூஜாவுக்கு எவ்வளவு வலித்திருக்கும் என்று தெரிந்துகொள்ள வேண்டும் போலிருந்தது.

"அம்மா, தட்டுங்க. நாளைக்கு உங்களுக்கு வேலை இருக்கு."

அவள் முட்டியில் இரண்டு முறை தட்டினேன்.