தோத்த ரேஸ்ல ஆரம்பிக்கிற படம்

இந்திய ஓட்டக்காரர் மில்கா சிங்கோட கதையைச் சொல்ற இந்திப் படம் பாக் மில்கா பாக், 2013ல வந்தப்பவே பார்த்ததுதான், ஆனா இந்த ஜூன் லீவுல மகளோட உட்கார்ந்து திரும்பப் பார்த்தேன், அவ ஸ்கூல்ல சிசிஏவுக்கு (பாடத்துக்கு வெளியில செய்யுற நடவடிக்கை) ட்ராக் ஓட்டம் எடுத்திருக்கா, அதான் சாக்கு. மூணு மணி நேரத்துக்கும் மேல ஓடுது சாமி, அந்த ஆஸ்திரேலியா காதலைத் தூக்கியிருந்தா யாரும் தேடியிருக்க மாட்டாங்க. ஃபர்ஹான் அக்தர் உடம்பை முறுக்கி வச்சிருக்கிறது சரி, எனக்கு என்னமோ ராணுவத்துல வீரபாண்டியன்னு ஒரு ஆளா வந்து போட்டு வாட்டுற நம்ம பிரகாஷ்ராஜைத்தான் ரொம்பப் பிடிச்சுது.

படம் எடுத்த எடுப்புலயே 1960 ரோம் ஒலிம்பிக்ஸ், 400 மீட்டர் ஃபைனல். ஜெயிச்ச ரேஸான்னா, அதான் இல்ல. 1958ல டோக்கியோ ஆசிய விளையாட்டுல 200, 400 ரெண்டுலயும் தங்கம், அதே வருஷம் கார்டிஃப் காமன்வெல்த்லயும் தங்கம், அதையெல்லாம் விட்டுட்டு தோத்ததுல ஆரம்பிச்சிருக்காரு டைரக்டர் மெஹ்ரா, அதுக்கே ஒரு சபாஷ். ஓடிட்டிருக்கிற மில்கா திரும்பிப் பார்க்குறாரு, பிரிவினைக் கலவரத்துல குடும்பத்தைப் பறிகொடுத்த சின்னப் பையன் கண்ணுக்குள்ள வந்து நிக்கிறான், அதுல பதக்கம் போயிடுது. சினிமாவுக்கு இது நல்லாதான் இருக்கு.

ஆனா நிஜத்துல மில்கா சிங்கே சொன்ன காரணம் வேற. முதல் 250 மீட்டர் பறந்துட்டாரு, இப்படியே போனா கடைசில தாங்காதுன்னு தோணி வேகத்தைக் கொஞ்சம் குறைச்சாரு, பின்னாடி வந்தவங்க தாண்டிட்டாங்க. வெண்கலம் எடுத்த தென்னாப்பிரிக்கா மால்கம் ஸ்பென்ஸ் 45.5 செகண்ட், இவரு 45.6. எனக்கு இதுதான் வயித்தைப் பிசையுது, ஏன்னா பழைய காயத்து மேல பழி போட முடியாது பாருங்க, ஓடும்போது போட்ட ஒரு கணக்கு தப்பிப்போச்சு, அதை ஆயுசு பூரா சுமந்துட்டு 2021ல கோவிட்ல போய்ச் சேர்ந்தாரு மனுஷன். அதுக்கு அஞ்சு நாள் முன்னாடிதான் மனைவியும். இந்தப் படத்துக்கு உரிமை குடுக்க அவரு வாங்குனது ஒத்தை ரூபாய்.

மக கேட்டா, "அப்பா, நாலாவதா வந்தவருக்கு எதுக்கு படம்?"

அந்த ஓட்டத்தை இந்தியாவுல 1998 வரைக்கும் ஒருத்தராலயும் முந்த முடியலடின்னு சொல்லிட்டு, அப்படியே நம்ம சிங்கப்பூர் ஓட்டக்காரர் சி. குணாளனைப் பத்தி ஆரம்பிச்சுட்டேன். அவளுக்குத் தெரியவே தெரியல! ஃபுட்பால் ஆடிட்டிருந்தவரு, பயிற்சியாளர் ஒருத்தர் கண்ணுல பட்டு ட்ராக்குக்கு வந்தாரு, 1966 பாங்காக் ஆசிய விளையாட்டுல 100 மீட்டர்ல வெள்ளி, 1968 மெக்சிகோ ஒலிம்பிக்ஸ்ல அதே 100 மீட்டர் 10.38 செகண்ட். ஃபைனலுக்குப் போகல, ஆனா சிங்கப்பூர்ல அந்த 10.38ஐ உடைக்க 33 வருஷம் ஆச்சு, 2001ல யு.கே. ஷ்யாம் வந்து 10.37. அத்தனை வருஷத்துக்கும் சேர்த்து நூத்துல ஒரு பங்கு செகண்ட்!

இதை யாராவது முழு நீளப் படமா எடுங்கப்பா, இல்ல நம்ம வசந்தம் டிவி சேனல்ல நாலு பாகமாப் போட்டாக்கூடப் போதும், நான் பார்க்கிறேன்.