இரண்டரை வருட வாய்தாவும் இரண்டு நிமிட விசாரணையும்

வேலித் தகராறு வழக்கில் இடத்தை அளந்து பார்க்க வக்கீல் கமிஷனர் (நேரில் பார்த்து அறிக்கை தர கோர்ட் நியமிக்கும் வக்கீல்) போடும்படி முன்சீப் கோர்ட்டில் ஐ.ஏ. (வழக்குக்குள் போடும் இடைமனு) போட்டிருந்தேன். சிவில் நடைமுறைச் சட்டத்தில் கட்டளை 26, விதி 9. இருக்கிற நிலையை இருக்கிறபடி பதிவு செய்யத்தான் அந்த மனு. அது இரண்டரை வருடம் வாய்தாவிலேயே கிடந்தது. அதற்குள் பக்கத்துக்காரர் அஸ்திவாரக் குழி தோண்ட ஆரம்பித்துவிட்டார்.

"மதுரைக் கிளையில் 227-இல் ஒரு சி.ஆர்.பி. போடலாம்" என்றார் வக்கீல். சி.ஆர்.பி. என்றால் சிவில் சீராய்வு மனு. 227 என்பது கீழ் நீதிமன்றங்களை மேற்பார்வையிட உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தரும் அரசியலமைப்புப் பிரிவு. ஆனால் ஒன்றையும் சொன்னார். 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, அசாதாரணமான சூழ்நிலை இருந்தால் ஒழிய, கீழ் கோர்ட்டுக்குக் கெடு விதிக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டது. "ரொம்ப நாளாகிவிட்டது என்று மட்டும் போய் நின்றால் போதாது சார், குழியைக் காட்ட வேண்டும்." போட்டோ எடுத்தோம்.

இ-கோர்ட்ஸ் செயலியில் வழக்கின் தனி அடையாள எண்ணான சி.என்.ஆர். எண்ணைப் போட்டு, ஒவ்வொரு வாய்தாவும் எதற்காகத் தள்ளிப்போனது என்று தாளில் எழுதினேன். மொத்தம் முப்பத்தொன்று. அதில் ஆறு எங்கள் தரப்பு கேட்டு வாங்கியது! அதுவரை எதிராளியை மட்டுமே திட்டிக்கொண்டிருந்தேன். மறைத்துவிடலாமா என்று கேட்டதற்கு, "அங்கே முதல் கேள்வியே அதுதான் வரும்" என்று அதையும் மனுவில் சேர்த்தார் வக்கீல்.

சி.ஆர்.பி., நகல் தெளிவாக இல்லை என்று ஒருமுறை ரிட்டர்ன் ஆகி, சரிசெய்து கொடுத்தபின் எண் கொடுத்துக் கோப்பில் ஏற்கப்பட்டது. விசாரணை இரண்டே நிமிடம். எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ்கூட இல்லை. கீழ் கோர்ட்டில் கிடக்கும் ஐ.ஏ.வை முடிக்கச் சொல்வதால் அவருக்கு என்ன பாதிப்பு? வழக்கின் தகுதி பற்றி எதுவும் சொல்லாமல், உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள் ஐ.ஏ.வைச் சட்டப்படி முடிக்க வேண்டும் என்று உத்தரவு. மனுவை அனுமதிக்கச் சொல்லவில்லை, முடிக்கத்தான் சொன்னார்கள். தள்ளுபடி செய்திருந்தாலும் அது உத்தரவுக்குக் கட்டுப்பட்டதாகத்தான் இருந்திருக்கும்.

இங்கேதான் ஒரு முட்டாள்தனம் செய்தேன். உயர் நீதிமன்றமே அனுப்பிவிடும் என்று மூன்று வாரம் சும்மா இருந்தேன். எட்டு வாரக் கணக்கு நகல் போய்ச் சேர்ந்த நாளில்தான் ஆரம்பிக்கிறது. சான்றிட்ட நகலை வாங்கி, ஒரு மெமோவோடு முன்சீப் கோர்ட்டில் தாக்கல் செய்வது நம் வேலை. அதன்பின் வாரம் ஒரு வாய்தா. எதிர்த்தரப்பு வக்கீல் அவகாசம் கேட்டபோது நீதிபதி அந்த உத்தரவை எடுத்துக் காட்டினார். ஏழாவது வாரத்தில் சர்வேயரோடு போய்ப் பார்க்கும்படி கமிஷனரை நியமித்தார்கள்.

கமிஷனர் வந்தபோது அஸ்திவாரம் பாதி நிரம்பியிருந்தது. அதையும் வரைபடத்தில் குறித்துக்கொண்டார். இப்போது அறிக்கைக்கு ஆட்சேபணை சொல்ல எதிர்த்தரப்பு வாய்தா வாங்கியிருக்கிறது.