54,000 வாக்கிருந்தும் ஆசனம் இல்லை: மட்டக்களப்பு, அம்பாறைப் பொதுத்தேர்தல் கணக்கு

பொதுத்தேர்தல் முடிவு வந்ததும் மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் ஒரே பேச்சுத்தான்: சனம் ஏன் இப்படிப் போட்டது? அந்தக் கேள்வி பாதிக்குத்தான் சரி. போட்ட வாக்கு ஆசனமாக மாறுவதற்கு இடையில் ஒரு சட்டம் நிற்கிறது. 1931இலிருந்து அந்தச் சட்டம் பல தடவை மாறியிருக்கிறது. மாறிய போதெல்லாம் கிழக்கில் யார் உள்ளே போகிறார், யார் வெளியே நிற்கிறார் என்பதும் சேர்ந்தே மாறியது. வேட்புமனு கொடுக்கும் வாரத்தில் கட்சிக்காரர் மட்டுமல்ல, வாக்காளரும் இந்தக் கணக்கைக் கையில் வைத்திருக்க வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

இலங்கை அப்போது பிரித்தானிய முடியின் கீழ் இருந்த தீவு. 1931க்கு முன் சொத்து, வருமானம், எழுத்தறிவு பார்த்துத்தான் வாக்குரிமை கொடுத்தார்கள். சனத்தொகையில் 100 பேரில் 4 பேர் அளவுக்குத்தான் அது கிடைத்தது. டொனமூர் அரசியலமைப்பு வந்த பிறகு, 1931 ஜூனில், 21 வயது வந்த ஆண் பெண் எல்லோரும் வாக்களித்தார்கள். ஆசியாவில் அப்படி நடந்த முதல் தேர்தல் அது. அன்றைய சட்டசபையான அரசாங்க சபைக்குத் தெரிவு செய்யப்பட வேண்டியவர்கள் 50 பேர். வடக்கில் நான்கு தொகுதிகள் பகிஷ்கரித்ததால் அந்த ஆசனங்கள் 1934 வரை வெறுமையாகக் கிடந்தன. கிழக்கு பகிஷ்கரிக்கவில்லை. ஆனால் கிழக்கு மாகாணம் முழுவதற்கும் கிடைத்ததே இரண்டு ஆசனம்: திருகோணமலை-மட்டக்களப்பு ஒன்று, மட்டக்களப்பு தெற்கு ஒன்று. முதலாவதில் எம். எம். சுப்பிரமணியமும், இரண்டாவதில் காலியைச் சேர்ந்த மாக்கான் மாக்காரும் வந்தார்கள். மாக்கான் மாக்கார் போக்குவரத்து, பொது வேலைகள் அமைச்சராகவும் ஆனார்.

அந்தக் காலத்தில் வாக்காளர் வேட்பாளரின் பெயரை வாசிக்க வேண்டியதில்லை. ஒவ்வொரு வேட்பாளருக்கும் ஒரு நிறம், அந்த நிறத்தில் ஒரு பெட்டி. சீட்டை வாங்கி மறைவுக்குள் போய், விரும்பிய நிறப் பெட்டியில் போட்டால் முடிந்தது. எழுத வாசிக்கத் தெரியாதவருக்கு இது நல்ல வசதி. ஆனால் சீட்டில் அடையாளம் எதுவும் இடாததால், அதைப் பெட்டியில் போடாமல் மடித்து வெளியே கொண்டுபோய் இன்னொருவர் கையில் கொடுக்கவும் வழியிருந்தது. சின்னங்கள் அச்சிட்ட ஒரே சீட்டு வந்த பிறகுதான் அந்த ஓட்டை அடைபட்டது.

சோல்பரி ஆணைக்குழுவின் அரசியலமைப்புத் திட்டப்படி 1947இல் 95 பேர் தெரிவானார்கள், 6 பேர் நியமனமானார்கள். 75,000 பேருக்கு ஒரு ஆசனம், அதற்கு மேல் ஒவ்வொரு 1,000 சதுர மைலுக்கும் ஒரு ஆசனம் என்பது விதி. சனம் குறைந்து நிலம் பரந்து கிடக்கும் மாகாணத்துக்கு இந்த விதி கைகொடுத்தது. இரண்டாக இருந்த கிழக்கின் ஆசனம் ஏழானது. மட்டக்களப்பு, கல்குடா, பட்டிருப்பு, கல்முனை, பொத்துவில் என்று நாங்கள் இன்றும் சொல்கிற பெயர்களெல்லாம் அப்போது வந்தவை. அந்தக் காலத்தில் அம்பாறை என்று தனி மாவட்டம் இல்லை. பொத்துவில் வரைக்கும் மட்டக்களப்புத்தான். 1949இல் தொடங்கிய கல்லோயா நீர்ப்பாசனத் திட்டக் குடியேற்றத்துக்குப் பிறகு, 1959 எல்லை நிர்ணயத்தில் அம்பாறை ஒரு தொகுதியானது. 1961இல் மாவட்டமே பிரிந்தது. ஒரு பிரதேசத்தில் யார் குடியிருக்கிறார்கள் என்பது மாறினால், பத்துப் பன்னிரண்டு வருடத்துக்குள் தொகுதி எல்லையும் அதன் பின்னால் போகும் என்பதற்கு இந்தத் தீவில் இதைவிடத் தெளிவான உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

1959 எல்லை நிர்ணயத்தின் இன்னொரு பலன் இரட்டை அங்கத்தவர் தொகுதி. மட்டக்களப்பு நகரைச் சுற்றித் தமிழரும் முஸ்லிம்களும் ஊருக்கு ஊர் மாறி மாறி இருக்கிறார்கள். அங்கே ஒரு ஆசனம் என்று கோடு போட்டால் ஒரு பக்கம் எப்போதும் தோற்கும். ஆகவே ஒரே தொகுதி, இரண்டு உறுப்பினர், வாக்காளருக்கு இரண்டு வாக்கு. 1960 மார்ச் தேர்தலிலிருந்து 1977 வரை மட்டக்களப்பு அப்படியே இருந்தது. 1977இல் பொத்துவிலும் இரட்டைத் தொகுதியானது. அந்த வருடம் மட்டக்களப்பிலிருந்து தமிழர் விடுதலைக் கூட்டணியின் செ. இராசதுரையும் ஐக்கிய தேசியக் கட்சியின் பரீத் மீராலெப்பையும் போனார்கள், பொத்துவிலிலிருந்து ஐ.தே.க.வின் ஜலால்தீனும் கூட்டணியின் கனகரத்தினமும் போனார்கள். இரண்டு தொகுதியிலும் ஒரு தமிழர், ஒரு முஸ்லிம். வகுத்தவர்கள் எதை நினைத்து வகுத்தார்களோ அதுவே நடந்தது.

இந்த முறையில் ஒரு கட்சி எத்தனை பேரை நிறுத்துவது என்பதுதான் கத்தி முனை. ஒருவரை நிறுத்தினால் தன் ஆட்களின் இரண்டாவது வாக்கு எங்கே போகும் என்று தெரியாது. இரண்டு பேரை நிறுத்தினால் இருவரும் ஒருவரையொருவர் இழுத்து விழுத்தலாம். 1977இல் மட்டக்களப்பில் இராசதுரை கூட்டணியின் சூரியன் சின்னத்தில் நிற்க, காசி ஆனந்தன் தமிழரசுக் கட்சியின் வீட்டுச் சின்னத்தில் நின்றதும், அந்தப் போட்டியின் கசப்பும் இன்றுவரை பேசப்படுவது அதனால்தான். இரட்டைத் தொகுதி பழங்கால வழக்கம் என்று ஒதுக்கத் தேவையில்லை. ஐரிஷ் கடலில் இருக்கும் மான் தீவு, தன் சட்டசபையின் 24 ஆசனங்களையும் 12 இரட்டைத் தொகுதிகளாக 2016இல்தான் மாற்றியது.

தொகுதி முறை நாடு முழுவதும் செய்த அநியாயமும் பெரிது. 1970இல் ஐ.தே.க.வுக்கு சுதந்திரக் கட்சியைவிடக் கூடுதலான வாக்கு. கிடைத்தது 17 ஆசனம், சுதந்திரக் கட்சிக்கு 91. 1977இல் ஐ.தே.க.வுக்கு ஏறத்தாழ 51 வீத வாக்கு. 168 ஆசனத்தில் 140. அந்தப் பெரும்பான்மையை வைத்தே 1978 அரசியலமைப்பும், வாக்கின் அளவுக்கு ஏற்ப ஆசனம் பிரிக்கும் விகிதாசார முறையும் வந்தன. 1982 டிசம்பரில் விளக்கு, குடம் என்ற இரண்டு சின்னங்களில் சர்வஜன வாக்கெடுப்பு வைத்துப் பாராளுமன்றத்தின் ஆயுளை நீட்டியதும் அதே பெரும்பான்மைதான். 1977 ஜூலைக்குப் பிறகு அடுத்த பொதுத்தேர்தல் 1989 பெப்ரவரி 15. 1977இல் 17 வயதாக இருந்தவர் பாராளுமன்றத்துக்கு முதல் தடவை வாக்களிக்க 28, 29 வயது வரை காத்திருந்தார்.

இப்போதைய கணக்குக்கு வருவோம். 225 ஆசனத்தில் 29 தேசியப்பட்டியல், அதாவது நாடு முழுவதும் எடுத்த வாக்குப்படி கட்சிகளுக்குப் போவது. மிச்சம் 196இல் 36 ஆசனம் ஒவ்வொரு மாகாணத்துக்கும் நான்கு ஆசனமாகப் போகிறது. 160 வாக்காளர் தொகைப்படி மாவட்டங்களுக்குப் போகிறது. கிழக்கின் 4இல் திகாமடுல்லவுக்கு 2, மட்டக்களப்புக்கும் திருகோணமலைக்கும் ஒவ்வொன்று. அப்படித்தான் மட்டக்களப்புக்கு 5, திகாமடுல்ல என்ற தேர்தல் பெயரில் அம்பாறைக்கு 7 என்று வருகிறது. வாக்காளர் இடாப்பு மாறும்போது 160 பங்கில் ஒரு மாவட்டத்தின் ஆசனம் கூடலாம், குறையலாம். ஆகவே கிராம உத்தியோகத்தர் கொண்டுவரும் படிவத்தை நிரப்பிக் கொடுக்காமல் விடுவது ஒரு வீட்டின் வாக்கை மட்டும் பாதிக்கிற விஷயமல்ல.

ஆசனம் பிரிக்கும் முறை இது. முதலில், மாவட்டத்தில் அளிக்கப்பட்ட வாக்கில் 5 வீதத்துக்குக் குறைவாக எடுத்தவர்களைக் கழிக்க வேண்டும். அடுத்து, அதிக வாக்கு எடுத்த கட்சிக்குப் போனஸ் ஆசனம் ஒன்று. கழித்த பின் இருக்கும் வாக்கை, மீதி ஆசனங்களால் வகுத்து, பின்னம் வந்தால் அடுத்த முழு எண்ணாக்க வேண்டும். அந்த எண் ஒரு கட்சியின் வாக்கில் எத்தனை தடவை அடங்குகிறதோ அத்தனை ஆசனம். இன்னும் ஆசனம் மிஞ்சினால், மிச்ச வாக்கு கூடியவருக்கு முதலில், பிறகு அடுத்தவருக்கு.

2020 ஆகஸ்ட் 5 திகாமடுல்ல முடிவில் இதைப் போட்டுப் பாருங்கள். எண்களை ஆயிரத்துக்குக் கிட்டவாக எடுக்கிறேன். பொதுஜன பெரமுன 126,000; ஐக்கிய மக்கள் சக்தி 102,000; அகில இலங்கை மக்கள் காங்கிரஸ் 43,000; தேசிய காங்கிரஸ் 39,000; கருணா அம்மான் நின்ற அகில இலங்கை தமிழர் மகாசபை 29,000; தமிழரசுக் கட்சி 25,000. 5 வீதம் என்பது 19,000 சொச்சம்; ஆறு பேரும் தாண்டிவிட்டார்கள். கூட்டினால் 364,000. போனஸ் பெரமுனவுக்கு. மீதி ஆறால் வகுத்தால் 60,700 அளவில் வரும். பெரமுனவில் அது இரண்டு தடவை அடங்கும், மிச்சம் 5,000கூட இல்லை. சக்தியில் ஒரு தடவை, மிச்சம் 41,000. மற்ற நால்வரிலும் ஒரு தடவைகூட அடங்காது, அவர்களின் முழு வாக்குமே மிச்சம். இன்னும் மூன்று ஆசனம் இருக்கிறது: மக்கள் காங்கிரஸின் 43,000க்கு ஒன்று, சக்தியின் 41,000க்கு ஒன்று, தேசிய காங்கிரஸின் 39,000க்கு ஒன்று. கதவு அதோடு மூடிவிட்டது.

தமிழ் வாக்கு இரண்டும் ஒரே பட்டியலில் விழுந்திருந்தால் 54,000. மிச்ச வரிசையில் அதுதான் முதலாவதாக நின்றிருக்கும்; தேசிய காங்கிரஸ் வெளியே போயிருக்கும். பிரிந்ததால் மாவட்டத்திலிருந்து தமிழ் உறுப்பினர் ஒருவரும் தெரிவாகவில்லை. தமிழரசுக் கட்சி தன் தேசியப்பட்டியல் ஆசனத்தை அம்பாறைக்குக் கொடுத்துத்தான் அந்த இடத்தை நிரப்பியது. 2024 நவம்பர் 14இல் அதே மாவட்டத்தில் அதே கட்சி 33,000 சொச்ச வாக்கோடு ஒரு ஆசனம் எடுத்தது. 54,000க்கு கிடைக்காதது 33,000க்கு கிடைத்தது. சனம் மாறியதல்ல காரணம். மிச்ச வரிசையில் யாருக்கு முன்னால் யார் நின்றார் என்பதே காரணம்.

இங்கே இன்னொரு விஷயத்தையும் கவனிக்க வேண்டும். 5 வீதத்துக்குக் கீழே விழுந்த கட்சியின் வாக்கு கணக்கிலிருந்தே போய்விடும். வகுக்கும் எண்ணும் சிறிதாகும். 5 வீதத்தைத் தாண்டி ஆசனம் எடுக்காத கட்சியின் வாக்கோ உள்ளே இருந்து, ஒரு ஆசனத்தின் விலையை எல்லோருக்கும் ஏற்றிவிடும். 2020இல் பிரிந்த இரண்டு தமிழ்ப் பட்டியல்களும் செய்தது இதைத்தான்.

5 வீதம் என்பதும் தானாக வந்ததல்ல. 1978இல் எழுதியது எட்டில் ஒன்று, அதாவது 12.5 வீதம். 1988 டிசம்பரில், 15ஆவது திருத்தத்தில்தான் அது இருபதில் ஒன்றாகக் குறைந்தது. அதற்காக நின்றவர் முஸ்லிம் காங்கிரஸின் எம். எச். எம். அஷ்ரப். அதே 2020 முடிவில் பழைய வெட்டுப்புள்ளியை வைத்துப் பார்த்தால், 48,000க்குக் கீழே எடுத்த நால்வரும் விழுந்துவிடுவார்கள். பெரமுனவுக்கு 4, சக்திக்கு 3. கிழக்கில் அரசியல் செய்கிற எந்தச் சிறிய கட்சியும், தமிழ்க் கட்சிகள் உட்பட, அஷ்ரப்புக்கு இதற்காகக் கடன்பட்டிருக்கிறது என்பது என் உறுதியான கருத்து.

மட்டக்களப்பில் 2024இல் நடந்ததும் இதே கணக்குத்தான். நாட்டில் தேசிய மக்கள் சக்தி வெல்லாத ஒரே மாவட்டம் அது. தமிழரசுக் கட்சி 97,000 அளவில் எடுத்து முதலாவதாக வந்ததால் போனஸ் ஒன்று. வகுக்கும் எண் 61,600 அளவில், அதில் இன்னொன்று. மிச்சம் 35,000 சொச்சம். தமிழ் மக்கள் விடுதலைப் புலிகள் கட்சிக்கு மொத்தமே 31,000 சொச்சம். அந்த 4,000 வாக்கு வித்தியாசத்தில்தான் தமிழரசுக் கட்சியின் மூன்றாவது ஆசனம் வந்தது. ஒரு சில வாக்கெடுப்பு நிலையங்களின் வாக்கு அளவு, அவ்வளவுதான்.

வாக்குச்சீட்டில் நடக்கும் பிழைகளையும் சொல்லிவிட வேண்டும். 2024 பொதுத்தேர்தலில் நாடு முழுவதும் நிராகரிக்கப்பட்டவை 660,000க்கு மேல். மேல் பகுதியில் கட்சிக்கு அல்லது சுயேச்சைக்குழுவுக்கு எதிரே ஒரு புள்ளடி, ஒன்றே ஒன்று. அதன் பிறகு கீழே உள்ள வேட்பாளர் இலக்கங்களில் மூன்று வரை விருப்பு வாக்கு. மட்டக்களப்பில் ஒரு பட்டியலில் 8 பேர், திகாமடுல்லவில் 10 பேர், ஆசனத்தைவிட மூன்று கூட. மூன்றுக்கு மேல் இலக்கத்தில் புள்ளடி போட்டால் விருப்பு வாக்கு மட்டும் போகும், கட்சி வாக்கு நிற்கும். கட்சிக்குப் போடாமல் இலக்கத்துக்கு மட்டும் போட்டால் சீட்டே போய்விடும். தனக்குத் தெரிந்த வேட்பாளரின் இலக்கத்தை மட்டும் மனப்பாடம் செய்துகொண்டு போகிறவர்கள் விழுகிற குழி அது. வேட்பாளர்கள் அடிக்கிற துண்டுப் பிரசுரத்தில் இலக்கம் பெரிதாகவும் சின்னம் மூலையில் சிறிதாகவும் இருப்பது இந்தக் குழியை இன்னும் ஆழமாக்குகிறது. மாதிரிச் சீட்டை வைத்து விளக்கப் போகிறவர்கள் முதலில் சின்னத்தைக் காட்டுங்கள், அதில் புள்ளடி போட வைத்த பிறகு இலக்கத்தைச் சொல்லுங்கள்.