துரான்-ருயெல் என்ற ஓவிய வியாபாரி
ஓவிய வியாபாரி என்றாலே கலைஞனைச் சுரண்டுகிறவன் என்று பேசுகிறவர்கள், பாரிஸைச் சேர்ந்த பால் துரான்-ருயெலைப் பற்றிக் கொஞ்சம் படிக்க வேண்டும். ஆள் சீந்தாமல் கிடந்த, பிரெஞ்சு ஓவியர் மானேயின் 23 ஓவியங்களை 1872-ல் 35,000 ஃபிராங்குக்கு மொத்தமாக வாங்கியவர் அவர். மோனே, பிசாரோ, ரெனுவார் ஆகிய ஓவியர்கள் எல்லோருக்கும், படம் விற்கிறதோ இல்லையோ, முன்பணம் கொடுத்துக்கொண்டே இருந்தார், சில சமயம் வீட்டு வாடகை வரைக்கும். 1882-ல் அவருக்குப் பணம் கொடுத்துவந்த வங்கி திவாலானதும் அவரே கடனில் மூழ்கினார். அப்புறம் 1886-ல் சுமார் 300 ஓவியங்களை நியூயார்க்குக்குக் கப்பலேற்றினார், வாங்க ஆள் கிடைத்தது அங்கேதான். சரி, லாபமும் பார்த்தார், அதில் என்ன தப்பு? எனக்கு ரொம்பப் பிடித்தது, இந்த ஓவியங்களை வீட்டுச் சுவரில் பார்த்து மக்கள் பழகட்டும் என்று தன் வீட்டையே திறந்துவிட்டது. வரவேற்பறைக் கதவுகளில்கூட மோனே வரைந்த பழங்களும் பூக்களும்தான்!