அம்மாவும் போர் தண்ணீரும்

தருமபுரி மாவட்டம் பென்னாகரம் பக்கம் என் வயதுக்காரர்கள் பலருக்கு முன்பற்களில் பழுப்புக் கோடு இருக்கும். வெளியூர் போனால் பாக்கு போடுவாயா என்று கேட்பார்கள், பல் தேய்ப்பதில்லையா என்றுகூட. எல்லாம் தண்ணீர் செய்த வேலை. பாறையிலிருந்து ஃபுளோரைடு நிலத்தடி நீரில் கரைகிறது, லிட்டருக்கு 1.5 மில்லிகிராமைத் தாண்டினால் குடிக்க ஆகாது, பல் உருவாகிற வயதில் அதைக் குடித்தால் கறை உள்ளேயே ஏறிவிடும், எந்த பேஸ்ட்டுக்கும் போகாது. வருடக்கணக்கில் குடித்தால் மூட்டு, முதுகெலும்பு வரை பிடிக்கும்.

காய்ச்சினால் சரியாகிவிடும் என்று இன்னும் சிலர் நம்புகிறார்கள். ஆவியாவது தண்ணீர்தான், ஃபுளோரைடு அப்படியே நிற்கும், இன்னும் அடர்த்தியாக!

2013-ல் ஜப்பான் கடனுதவியோடு ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்தது, தருமபுரி, கிருஷ்ணகிரி இரண்டுக்கும். அதுவரை பக்கத்தில் ஓடுகிற காவிரி எங்களுக்கு மீன் வறுவலுக்கும் பரிசலுக்கும்தான். இப்போது வீட்டில் குடிக்க அந்தத் தண்ணீர், துவைக்க போர் தண்ணீர், அதாவது ஆழ்துளைக் கிணற்று நீர். குழாய் வராத நாளில் மட்டும் அம்மா சத்தமில்லாமல் போர் தண்ணீரில் உலை வைத்துவிடுவார். சோற்றிலும் அது இறங்கும்மா என்றால், "இத்தன வருசம் இதுலதானடா வளந்த" என்கிறார். பல்லைக் காட்டினேன், அப்புறமும் நம்பவில்லை.

சரி, உங்கள் தெருவில் எத்தனை நாளைக்கு ஒருமுறை விடுகிறார்கள்?